அக்காவின் மைதானம்

அமெரிக்க ஃபுட்போல் அணிகள் பல தொடக்கத்தில் குடும்பச் சொத்தாக இருந்து, அப்பாவிடமிருந்து மகனுக்குப் போனவை என்று வாசித்தேன். எரிச்சல்தான் வந்தது. வெல்லாவெளியில் எங்கள் உதைபந்து அணியையும் அப்பாதான் தொடங்கினார். மைதானம் எங்கள் காணி. ஒரே மகன், அணித்தலைவன் நான். ஆனால் எங்கள் பக்கம் காணி பெண்பிள்ளைக்குத்தான் சீதனம். போன வருடம் அக்காவின் கல்யாணத்தோடு மைதானமும் அவள் பெயருக்குப் போனது.

பயிற்சிக்கு அனுமதி கேட்டு அத்தானிடம் போனேன்.

“என்னட்டக் கேட்டு என்ன? காணி உன்ட அக்காடதானே,” என்றார்.

அக்கா நிமிர்ந்தும் பார்க்கவில்லை. “நாளைக்கு அஞ்சு மணிக்கு வா. பிந்தினா வெளியதான் நிப்பாய்.”

பத்து நிமிடம் பிந்திப் போனேன். என் பத்தாம் இலக்க உடுப்போடு அத்தான் ஆடிக்கொண்டிருந்தார்.