பவுடர் போடாத முகம்

எழுபதுகளின் கடைசியில் பசுமலையில் ஆசிரியையாக இருந்தேன். கொட்டாம்பட்டிக் கடலைக்காட்டில் படம் எடுக்க வந்த கானா நாட்டுக்காரர் ஒருவருக்கு மொழிபெயர்க்க என்னை அனுப்பினார்கள். கதையும் அவரே எழுதுவார், கேமராவும் அவரே பிடிப்பார்.

கடலை பறிக்கும் பெண்கள் முகத்தில் பவுடரை அப்பிக்கொண்டு வந்து நின்றார்கள். கழுவிவிட்டு வரச் சொன்னார்.

"பவுடர் இல்லாட்டி அம்புட்டுப் பேரும் கருப்பால்ல விழுவோம், டீச்சர்?" என்றாள் ஒருத்தி.

எனக்கும் அதே சந்தேகம்தான். கல்யாணத்துக்காக எடுத்த போட்டோவில் ஸ்டூடியோக்காரர் என்னை வெள்ளைக்காரியாகவே ஆக்கியிருந்தார். பெண் பார்க்க வந்தவர்கள் போட்டோவையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார்கள். காபியைக் குடித்துவிட்டுப் போய்விட்டார்கள்.

ஏன் கழுவச் சொன்னார் என்று கானாக்காரரிடம் கேட்டேன். "முதலில் கதை மட்டும்தான் எழுதினேன். என் அம்மாவை நினைத்து எழுதிய கதையை வேறொருவர் படம்பிடித்தார். திரையில் வெள்ளைச் சுவர் பளிச்சென்று தெரிந்தது. அம்மாவாக நடித்தவரின் கருத்த முகம் தெரியவில்லை. அதற்காகத்தான் கேமராவைக் கற்றேன்" என்றார்.

பிறகு ஒரு வெள்ளை வேட்டியை விரித்துப் பிடிக்கச் சொல்லி, வெயிலை அந்தப் பெண்களின் பக்கம் திருப்பினார். வேர்வையோடு அந்தக் கருத்த முகங்கள் மினுங்கின. அதே வெளிச்சத்தில் என்னையும் ஒரு போட்டோ எடுத்துத் தபாலில் அனுப்பிவைத்தார்.

அதைப் பார்த்து என் அம்மா பதறினாள். "இதையாடி தரகர்கிட்ட குடுக்கப் போற?"

"ஆமாம்மா. வாரவங்க இந்த முகத்தைப் பாத்துட்டே வரட்டும்."

ரொம்ப நாள் யாரும் வரவில்லை. ஆனால் வாசலில் ஆள் அரவம் கேட்டால் பவுடர் டப்பாவைத் தேடி ஓடும் பழக்கம் என்னை விட்டுப் போயிருந்தது.