கனகம்மா கேட்ட படம்

அத்தா இறந்தபின், அவருடைய நெகட்டிவ்களைப் பல்கலைக்கழக நூலகத்தின் புகைப்பட ஆவணப் பிரிவுக்குக் கொடுக்கப் போனேன். உதவியாளர் பெட்டியைத் திறந்ததும், ஈரத்தில் புளித்துப்போன ஃபிலிமின் வாடை மூக்கில் ஏறியது.

காஞ்சிபுரத்தில் என் தந்தையான அத்தா நடத்திய ஸ்டூடியோவுக்குள் மழைத்தண்ணீர் புகுந்த வருடம் இதே வாடைதான். எனக்குப் பத்து வயது. நனைந்த நெகட்டிவ்கள் கட்டுக்கட்டாக ஒட்டிக்கிடந்தன. அப்போதுதான் பிள்ளையார்பாளையத்தில் தறி நெய்யும் கனகம்மா வந்தார். காய்ச்சலில் மகளைப் பறிகொடுத்திருந்தார்.

"பள்ளிக்கூடத்துக்குன்னு நீ புடிச்ச படம்தான் பாய். வேற படமே இல்ல. பெருசாப் போட்டுக் குடு."

அத்தா அந்தக் கட்டைத் தேடியெடுத்து, தண்ணீரில் ஊறவைத்து மெல்லப் பிரித்தார். ஃபிலிம் பிரிந்தது. ஆனால் மேலிருந்த படம் பாலாடைபோல் கழன்று தண்ணீரில் கரைந்தது. நான்தான் தட்டைப் பிடித்திருந்தேன்.

வெறும் கண்ணாடிபோல் ஆகிவிட்ட ஃபிலிமை கனகம்மா வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "எங்க பாய் அவ?"

அத்தா தடுமாறினார். "எனக்கு நல்லா ஞாபகம் இருக்குதும்மா. ரெட்டை ஜடை போட்டுக்கினு, சிரிச்சிக்கினே வந்துச்சு."

"இல்ல பாய்," என்றார் கனகம்மா மெதுவாக. "அப்போ அவளுக்கு மொட்டை போட்டிருந்தோம்."

உதவியாளர் உறைகளை அடுக்கிவிட்டு நிமிர்ந்தார். "அவ்ளோதானா மேடம்? வேற எதுவும் இல்லியே?"

"அவ்வளவுதான்" என்றேன்.