கால அகாடமியில் என் அம்மா

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்துக்குள் போய் உட்கார்ந்த முதல் ஆள் நான். இயற்பியலில் முதுகலை வரை படித்தேன். இதைச் சொல்லும்போது குரலைத் தாழ்த்திக்கொள்ளும் வழக்கம் எனக்கு இல்லை.

அந்தப் படிப்புக்குக் கிடைத்த முதல் வேலை மாமல்லபுரத்துக்குத் தெற்கே, சவுக்குத் தோப்புக்குள் இருந்த ஓர் அகாடமியில். காலத்தையும் மாற்று உலகங்களையும் ஆராயும் இடம் என்று வாசல் பலகையில் எழுதியிருந்தது. எங்கள் ஊரில் இதை யாருக்கும் புரியவைக்க முடியவில்லை. "டைம பத்தி இன்னா பாடம்? வாட்ச் ரிப்பேரா?" என்றார் எதிர்வீட்டு அண்ணன். அம்மா விடவில்லை. "ரிப்பேரு இல்ல, காலேஜு. எம்பொண்ணு அங்க டீச்சரு. உன் வாய வெச்சிகினு சும்மா போ" என்றாள்.

வார இறுதியில் ஆட்கள் வந்து தங்குவார்கள். ஐடி கம்பெனிக்காரர்கள், கல்பாக்கத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர்கள், கல்யாணமாகிச் சில வருடங்களிலேயே முகம் வாடிப்போன தம்பதிகள். சனிக்கிழமை காலை வகுப்பு என்னுடையது. மலை உச்சியிலிருக்கும் கடிகாரம் கடற்கரையிலிருப்பதைவிட ஏன் துளி வேகமாக ஓடுகிறது என்பதில் தொடங்குவேன். நடக்கச் சாத்தியமான எல்லாமே தனித்தனி உலகங்களில் நடந்துகொண்டிருக்கிறது என்று சில விஞ்ஞானிகள் ஏன் நம்புகிறார்கள் என்று விளக்குவேன். அப்படியே இருந்தாலும் இங்கிருந்து அந்த உலகங்களை எட்டிப் பார்க்க வழி கிடையாது என்று சொல்லி முடிப்பேன். அந்த இடத்தில் கணக்குப் போடத் தெரிந்தவள் நான் ஒருத்திதான்.

இயக்குநருக்கு என் கடைசி வாக்கியம் பிடிக்காது. வெளிநாட்டில் தொழில் நடத்திவிட்டுத் திரும்பியவர், ஐம்பது வயதிருக்கும், எப்போதும் கதர்ச் சட்டை.

"அது மட்டும் வேணாம்மா. வந்தவங்களுக்கு மூடு போயிடுது."

"அதுதான் சார் உண்மை."

"இருக்கட்டுமே. ஞாயித்துக்கிழமை எல்லாரும் கிளம்பிப் போனப்புறம் சொல்லிக்கோயேன்."

வந்தவர்கள் காத்திருந்தது என் வகுப்புக்காக இல்லை, மாலை நடைக்காக. பெரிய கூடத்தின் தரையில் பித்தளைப் பட்டை ஒன்று பதித்திருந்தது. பாதி தூரம் நேராகப் போய் இரண்டாகப் பிரியும். ஒருவர் அந்தப் பிரிவில் நிற்க வேண்டும். அவருடைய நெருங்கிய சொந்தம் கண்ணை மூடிக்கொண்டு ஒரு கிளையில் நடந்தபடி, நின்றவரின் வாழாத வாழ்க்கையில் தெரிவதைச் சொல்ல வேண்டும். தங்கள் வாழ்க்கையைப் பற்றி எல்லோரும் தங்களுக்கே பொய் சொல்லிக்கொள்வார்கள், அதனால்தான் சொந்தக்காரரை நடக்கவிடுகிறோம் என்பது இயக்குநரின் விளக்கம். மணி அடித்ததும் நடந்தவர் பிரிவுக்குத் திரும்பி, நின்றவரின் கையைப் பிடிக்க வேண்டும். அதோடு முடிந்தது. நிறைய பேர் அழுவார்கள். எனக்கு அது ஆராய்ச்சியாகத் தோன்றியதில்லை.

நான் தற்காலிக ஆள். விரிவுரையாளராக நிரந்தரமாக்குவதற்கு முன்னால் வந்தவர்கள் எதிரில் ஒருமுறை அந்தப் பிரிவில் நிற்க வேண்டும் என்றார் இயக்குநர். அங்கே வேலை பார்த்த எல்லோரும் நின்றிருக்கிறார்கள். "உங்க அம்மாவைக் கூட்டிட்டு வா" என்றார்.

ஒப்புக்கொண்டேன். நான் படிக்காமல் இருந்திருந்தால் வெயிலில் நாற்று நட்டுக்கொண்டிருப்பேன் என்று அம்மா சொல்வாள். கூடமே அதைக் கேட்கும். நான் வந்த தூரம் எவ்வளவு என்று அவர்களுக்குத் தெரியவரும். அதைச் சொல்ல வேண்டிய வாய் அம்மாவுடையது என்று நினைத்தேன். வேலையைவிட அதைத்தான் அதிகமாக எதிர்பார்த்தேன்.

அம்மா பட்டுச் சேலை கட்டிக்கொண்டு வந்தாள். கையில் தாம்பாளம், அதில் வாழைப்பழம், வெற்றிலை பாக்கு, இயக்குநருக்கு ஒரு சால்வை. மகளுக்கு வேலை போட்டுத் தரும் பெரிய மனிதரைப் பார்க்கப் போகிறோம் என்று நினைத்திருந்தாள். "இதெல்லாம் எதுக்கும்மா" என்றேன். "வெறுங்கைய வீசிகினு போறதா? நீ படிச்சது அவ்ளோதானா?" என்றாள். இயக்குநர் தாம்பாளத்தை இரண்டு கையாலும் வாங்கி, ஆளைக் கூப்பிட்டுப் படம் எடுக்கச் சொன்னார்.

நான் பிரிவில் நின்றேன்.

"அம்மா, உங்க பொண்ணு ஸ்கூல் பக்கமே போகலைன்னு வெச்சுக்கோங்க. கண்ணை மூடிட்டு அந்தக் கிளையில நடங்க. என்ன தெரியுது?"

"இன்னா தெரியும் சார்? கண்ண மூடினா இருட்டாதான் கீது."

கூடம் சிரித்தது. நானும் சிரித்தேன். அம்மா வெறுங்காலால் பட்டையைத் தடவித் தடவி நடந்தாள்.

"வூடு ஒண்ணு தெரியுது."

"யார் வீடு?"

"எம்பொண்ணு வூடு. எங்க தெருவுலயேதான். மருமவன் வேன் ஓட்டினுகீறான். இவ மத்தியானம் சோத்த போட்டுகினு எங்கிட்ட வந்து குந்திக்கிறா. கொழம்புல உப்பு இல்லன்னு என்னயே ஏசறா."

"சந்தோஷமா இருக்காங்களா?"

"சிரிச்சிகினு கீறா சார்." கொஞ்சம் நின்றாள். "எங்க வூட்ல இப்ப அந்தச் சத்தமே இல்ல. இது வரும், புக்க எடுத்துகினு குந்திக்கும். நான் எது பேசினாலும் தப்பு சொல்லும். அவ அப்டி இல்ல. எதுனா கேட்டா பதில் சொல்றா."

முன்வரிசையில் ஒரு பெண் மூக்கை உறிஞ்சினாள். மணி அடித்தது. அம்மா திரும்பவில்லை. கிளையின் முனையில் கண்ணை மூடியபடியே நின்றாள்.

"அம்மா, மணி அடிச்சாச்சு. திரும்பி வரலாம்."

"செத்த நேரம் இருந்துட்டு வரேன் சார்."

கூடம் எழுந்து நின்று கைதட்டியது. நீட்டிய கையோடு நான் நின்றுகொண்டிருந்தேன்.

திரும்பும்போது செங்கல்பட்டு பஸ்ஸில் இருவருக்கும் உட்கார இடம் கிடைத்தது. திருக்கழுக்குன்றம் தாண்டியதும் கேட்டேன்.

"நெஜமாவே அதெல்லாம் தெரிஞ்சுதா?"

"பாருன்னாரு. பாத்தேன்."

"நான் படிச்சது உனக்குப் பிடிக்கலையா?"

"யாருடி சொன்னா? எம்பொண்ணு எம்மெஸ்ஸின்னு ஊரெல்லாம் சொல்லினு திரியறேன். அது வேற, இது வேற" என்றவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

திங்கட்கிழமை இயக்குநர் உற்சாகமாக இருந்தார். நிரந்தர வேலை தயார், பலகையில் பெயர் எழுதிவிடலாம் என்றார். காலை வகுப்பு இனி வேண்டாம். ஒவ்வொரு முறையும் நான் பிரிவில் நிற்க வேண்டும், அம்மா நடக்க வேண்டும். "நீ சொல்றது பத்து பேருக்குப் புரியும். உங்க அம்மா எல்லாருக்கும் புரியறாங்க" என்றார். என் அம்மாவை வேடிக்கைப் பொருளாக்க விடமாட்டேன் என்று சொல்லிவிட்டு அன்றே வெளியே வந்தேன். பேருந்து நிறுத்தம் வரை நிமிர்ந்துதான் நடந்தேன்.

"என்னய ஒரு வார்த்த கேட்டியா?" என்றாள் அம்மா.

"உன்னை வெச்சுக் கூத்துக் காட்றாங்கம்மா."

"காட்டட்டும். இத்தினி வருசத்துல என்னய யாரு நாற்காலி போட்டு குந்த வெச்சாங்க? யாரு கேட்டாங்க, உனக்கு இன்னா தெரியுதுன்னு? நீ கேட்டியா? உன் வேலய நீ வுட்டுக்கோ. நான் வுடல."

அம்மாவுக்காக அகாடமி வேன் ஊருக்குள்ளேயே வருகிறது. எதிர்வீட்டு அண்ணன் இப்போது அவளுக்கு வழிவிட்டு நிற்கிறார். பிரிவில் என் இடத்தில் யாரோ ஒரு பெண்ணை நிறுத்திக்கொள்கிறார்கள் என்று கேள்விப்பட்டேன். மலையையும் கடற்கரையையும் பற்றிய என் பாடத்தை யாரும் நடத்துவதில்லை.

நான் கூடுவாஞ்சேரியில் ஒரு டியூஷன் சென்டரில் பன்னிரண்டாம் வகுப்புக்கு இயற்பியல் எடுக்கிறேன். போன மாதம் ஒரு மாணவனின் தாய் வந்து பேசிக்கொண்டிருந்தாள். கணவனோடு அந்த அகாடமிக்குப் போயிருந்தாளாம். "ஒரு கிராமத்து அம்மா நடந்தாங்க மேடம். அழுதே தீத்துட்டோம். அந்த இன்னொரு பொண்ணுக்கு இப்ப ரெண்டாவது குழந்தை பொறந்திருக்காம். நிஜப் பொண்ணு ரொம்பப் படிச்சவளாம். பெத்தவகிட்ட முகம் குடுத்தே பேசமாட்டாளாம். இப்படியும் இருக்காளுங்க பாருங்க" என்றாள். பையனின் மதிப்பெண்ணைப் பற்றிப் பேச்சைத் திருப்பினேன்.

அன்று வீட்டுக்குப் போனபோது அம்மா முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தாள். பையைக் கீழே வைக்காமலே கேட்டேன்.

"ரெண்டாவது என்ன குழந்தை?"

யாருக்கு என்று அவள் கேட்கவில்லை. "பொட்டப்புள்ள" என்றாள். கை நிற்கவில்லை.

"அதையாவது படிக்க வெப்பாளா?"

"அது அவ இஷ்டம்" என்றாள் அம்மா. "அவ எதுவானாலும் என்னய ஒரு வார்த்த கேட்டுட்டுதான் செய்வா."