கறுத்த திரைக்கு முன்னால் எட்வின்

"எட்வின் அங்கிள் விடியக்காலமை மோசம் போயிட்டார் அக்கா. நித்திரையிலதான்."

சுதன் தொலைபேசியில் இந்தச் சாவைச் சொன்னபோது நான் சந்தையில் மீனை வெட்டக் கொடுத்துவிட்டு நின்றுகொண்டிருந்தேன். மீன்காரர் பையை நீட்டியதும் வாங்கிக்கொண்டு, வீட்டுக்குப் போகும் வழியை விட்டு மற்றப் பக்கமாக நடந்தேன். நாவற்குடாவில் எங்கள் கடை இருந்த இடத்துக்கு வந்து நின்ற பிறகுதான் எங்கே வந்திருக்கிறேன் என்று தெரிந்தது. இப்போது அது ஒரு மருந்துக்கடை. உள்ளே இருந்த பிள்ளை "என்ன வேணும் அன்ரி?" என்று கேட்டாள். ஒன்றும் வேண்டாம் என்று சொல்லிவிட்டுத் திரும்பினேன்.

அந்தக் கடையில் கணினி விளையாட்டு விளையாடி வளர்ந்த உங்களில் பலர் இன்று வெவ்வேறு நாடுகளில் இருக்கிறீர்கள். எண்ணெய் வைத்து வாரிய தலை, மடிப்புக் குலையாத சட்டை, தன்னைப் பற்றிப் பேசக் கூச்சமே இல்லாத வாய் என்று எட்வினை உங்களுக்கு நன்றாகத் தெரியும். "இந்த டவுனில என்ட கைக்குத் திருந்தாத மிஷின் இன்னும் வரல்ல" என்பதை அவர் வாரத்துக்கு ஒருமுறையாவது சொல்லாமல் விட்டதில்லை. அந்தப் பெருமைக்காரர் எப்படி எங்களிடம் வந்தார் என்பது உங்களில் சிலருக்குத் தெரியாமல் இருக்கலாம். அதிலிருந்து தொடங்குகிறேன்.

என் அண்ணன் கட்டாருக்குப் போனபின் கடையை நான்தான் நடத்தினேன். சுனாமித் தண்ணீர் கடைக்குள் மேசை மட்டத்துக்கு ஏறி வடிந்தது. சேறு அடைத்த கணினிகளை வீதியோரத்தில் அடுக்கி, அள்ளிக்கொண்டு போக டிராக்டர் வருமென்று காத்திருந்தேன். அப்போது தனக்குப் பொருந்தாத, தோள் தொங்கும் நிவாரணச் சட்டை போட்ட ஒருவர் வந்து நின்றார்.

"இதுகளை எறியப் போறீங்களா தங்கச்சி?"

"உப்புத் தண்ணி குடிச்சது. இனி என்ன செய்யிறது?"

"நான் தியேட்டர்ல படம் ஓட்டின ஆள். மிஷினை எறியிறதைப் பாக்க ஏலாது. ஒரு வாளி நல்ல தண்ணி தாங்க."

அன்று பகல் முழுவதும் அவர் வேப்பமர நிழலில் இருந்து கணினிகளுக்குள் இருந்த ஒவ்வொரு பலகையையும் பழைய பல்துலக்கியால் தேய்த்துக் கழுவினார். மறுநாளும் வந்தார். அதற்கு அடுத்த நாளும் வந்தார். கடலோரத்து டச்பாரில் பிறந்த, போர்த்துக்கீச வழிவந்த பறங்கியர் அவர் என்பதும், அங்கேயே மனைவி நோராவையும் ஒரே மகளையும் கடலுக்குக் கொடுத்துவிட்டு முகாமில் இருக்கிறார் என்பதும் வேறொருவர் சொல்லித்தான் எனக்குத் தெரியவந்தது. தேநீரோடு அருகில் போய் நின்றேன். "கேக்காதீங்க தங்கச்சி. அடுத்ததைத் தூக்கித் தாங்க" என்றார். கழுவியதில் பெரும்பகுதி உயிர்க்கவில்லை. சில உயிர்த்தன. முதலாவது திரை வெளிச்சமானபோது அவர் முகத்தைப் பார்த்த எனக்கு, இந்த மனிதரை இனி எங்கும் போகவிடக் கூடாது என்று தோன்றியது. அப்படித்தான் அவர் கடையில் என் பங்காளியானார்.

அண்ணனின் உதவியோடு புதிய கணினிகள் வந்தன. எட்வினுக்கு அவுஸ்திரேலியாவில் சாண்ட்ரா என்று ஒரு பெறாமகள், தம்பியின் பிள்ளை. இறந்துபோன மகளின் வயதுதான் அவளுக்கும். ஞாயிற்றுக்கிழமைகளில் இருவரும் இணையத்தில் கார் ஓட்டப் போட்டி விளையாடுவார்கள். ஏன் தொலைபேசியில் பேசக் கூடாது என்று ஒருநாள் கேட்டேன்.

"கதைச்சா ரெண்டு பேரும் அழுவம். இதில அழ நேரமில்ல. வளைவு வந்திரும்" என்றார்.

ஓடிக்கொண்டே அவள் எழுதும் செய்தியைப் பார்க்க ஒரு மென்பொருள் போட்டிருந்தார். விளையாட்டுத் திரைக்கு மேலே கண்ணாடித் தாள் போல இன்னொரு படலமாக வந்து நிற்கும் வகை அது. ஓவர்லே என்பார்கள். செய்தி காட்ட ஒன்று, ஆட்டத்தைப் பதிவு செய்ய ஒன்று, கணினி எவ்வளவு வேகமாகப் படம் காட்டுகிறது என்று மூலையில் எண் போட ஒன்று என்று பல வகை உண்டு. தனித்தனியே எல்லாம் நல்ல பிள்ளைகள். இரண்டைச் சேர்த்து ஓடவிட்டால்தான் வினை. ஒரு ஞாயிறு எட்வின் பதிவு செய்யும் மென்பொருளையும் சேர்த்துப் போட்டார். கார் புறப்பட்டது, திரை கறுத்தது. எஞ்சின் சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டிருந்தது.

நான் பயந்து மின் ஆளியை அணைக்கப் போனேன். "விடுங்க. கறுத்த திரைக்குப் பின்னால படம் ஓடிக்கொண்டுதான் இருக்கு" என்று தடுத்தார். பிறகு விளையாட்டைத் தவிர எல்லாவற்றையும் மூடினார். படம் வந்தது. செய்தி மென்பொருளை மட்டும் திறந்தார். வந்தது. அதை மூடிவிட்டுப் பதிவு மென்பொருளை மட்டும் திறந்தார். அதுவும் வந்தது. இரண்டையும் சேர்த்ததும் கறுத்தது. "ஒரு திரையில ரெண்டு புரொஜெக்டரை அடிச்சா இப்படித்தான்" என்றார். எதை முதலில் திறப்பது என்று முறை மாற்றிப் பார்த்தார். இரண்டும் விசைப்பலகையில் ஒரே விசையைத் தங்களுக்கென்று பிடித்து வைத்திருந்ததைக் கண்டுபிடித்து ஒன்றின் விசையை மாற்றினார். பதிவு மென்பொருளின் படலத்தை அணைத்து, அதைத் திரையில் எதையும் காட்டாமல் பின்னால் மட்டும் ஓடவிட்டார். கடைசியில் எல்லாம் ஒத்து வந்தபோது சாண்ட்ரா காத்திருந்து களைத்து நித்திரைக்குப் போயிருந்தாள். அவர் முகத்தில் கோபத்தின் அடையாளமே இல்லை. தன்னை அன்று முழுவதும் மறித்து வைத்த பிழையிடமும் அவர் ஒரு மரியாதையோடு நடந்துகொண்டதாக எனக்குப் பட்டது. அந்த அளவு பொறுமையை நான் அதற்கு முன் எந்த மனிதரிடமும் கண்டதில்லை.

வாவிக்கு அப்பால், போராளிகளின் கையிலிருந்த படுவான்கரையில் சண்டை மூண்ட வருடம், அங்கிருந்த சனம் இடம்பெயர்ந்து எங்கள் பக்கம் எழுவான்கரைக்கு வந்தது. கடைக்கு அருகிலிருந்த பள்ளிக்கூடம் முகாமானது. முகாம் பொடியன்கள் கடைக்குள் வந்து நின்று பார்ப்பார்கள். எட்வின் கதிரை கொடுத்து விளையாட விடுவார். பழுகாமத்துச் சுதன் அப்படித்தான் வந்தான். ஒருநாள் பின்னேரம் அவனைத் தேடி அவனுடைய அம்மா வந்தார். உள்ளே எல்லாக் கணினியிலும் துப்பாக்கி விளையாட்டு. வாசலில் ஒரு கணம் நின்றவர், "படு மனே, படு" என்று பாய்ந்து மகனைக் கதிரையோடு இழுத்து விழுத்தி அவன்மேல் கவிழ்ந்து கிடந்தார்.

எட்வின் மேசைகளுக்குக் கீழே தவழ்ந்துபோய் ஸ்பீக்கர் வயர்களை ஒவ்வொன்றாகப் பிடுங்கினார். கடைசிச் சத்தமும் நின்ற பிறகு, எழும்பாமல் அந்த அம்மாவுக்கு அருகிலேயே தரையில் இருந்தார். "ஒண்டுமில்ல அம்மா. பொடியனுகள்ட விளையாட்டு. நான்தான் சத்தத்தைக் கூட்டி வைச்சிட்டன்" என்றார். சத்தத்தைக் கூட்டியது அவரல்ல. அன்றைக்குப் பிடுங்கிய ஸ்பீக்கர்கள் மறுபடி மாட்டப்படவே இல்லை. உங்கள் எல்லோருக்கும் ஹெட்போன் வந்தது அதனால்தான்.

ஹெட்போனோடு ஒருவரோடொருவர் பேசுவதற்கு இன்னொரு மென்பொருளும் வந்தது. யார் பேசுகிறார்கள் என்று திரை மூலையில் பச்சைப் பட்டையில் பெயர் காட்டும் ஓவர்லே அதற்கும் இருந்தது.

யுத்தம் முடிந்த ஆண்டில் நாங்கள் ஒரு துப்பாக்கி விளையாட்டுப் போட்டி வைத்தோம். ஊர்திரும்பியிருந்த படுவான்கரைப் பொடியன்களும் பஸ்ஸேறி வந்தார்கள். சித்தாண்டியிலிருந்தும் ஒரு குழு வந்தது. கடைசி ஆட்டம் பழுகாமத்துக்கும் டவுன் குழுவுக்கும். சுதன் அன்று வைத்த குறி தப்பவில்லை. இடைவேளையில் தண்ணீர் குடிக்க எழுந்த டவுன் குழுத் தலைவன் டிலக்சன், சுதனின் திரையைக் கண்டு நின்றுவிட்டான். திரையின் நடுவில் பச்சைக் கட்டங்கள் மிதந்துகொண்டிருந்தன.

"இவன் கள்ளம். சுவருக்கு அங்கால நிக்கிறவனைக் காட்டுற சாமான் போட்டிருக்கான்."

அப்படிக் கள்ளம் செய்யும் மென்பொருள்கள் உண்மையிலேயே உண்டு. அவையும் திரைக்கு மேலே கட்டம் வரைபவைதான். பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது: "படுவான்கரையில இருந்தவனுகளுக்கு இதெல்லாம் தெரியும். எங்க படிச்சவன் எண்டு பொலிசு கேக்கட்டும்."

போராளியாக இருந்தவன் என்று ஒருவனைப் பிடித்துக்கொண்டு போக அந்த நாட்களில் இந்த ஒரு வாக்கியம் போதும் என்று அறையில் இருந்த எல்லோருக்கும் தெரியும். சுதன் எழுந்து நின்றான். ஹெட்போன் கழுத்தில் தொங்கியது. போட்டியை நிறுத்தி எல்லோரையும் வீட்டுக்கு அனுப்புவோம் என்று எட்வினின் காதருகே சொன்னேன்.

"இப்ப அனுப்பினா இந்தக் கதைதான் தங்கச்சி வெளியில போகும். மறுகா அதைப் பிடிக்க ஏலாது" என்றவர், டிலக்சனைப் பார்த்தார். "வா மனே. நீ இந்தக் கதிரையில இரு. சுதன் உன்ட கதிரையில இருக்கட்டும்."

இடம் மாறினார்கள். டிலக்சன் ஆடியபோதும் அதே பச்சைக் கட்டங்கள் வந்தன. சுதன் இருந்த திரை துப்புரவாக இருந்தது.

"அவன் முதலே இதில போட்டு வைச்சிருக்கலாமே" என்றான் டிலக்சன்.

"வைச்சிருக்கலாம். அதையும் பாப்பம். எல்லாத்தையும் மூடு. விளையாட்டை மட்டும் திற."

கட்டங்கள் இல்லை.

"பேசுற சாமானை மட்டும் திற."

பெயர்கள் மூலையில் ஒழுங்காக நின்றன.

"அதை மூடு. அந்த வேகம் காட்டுற நம்பரை மட்டும் திற."

எண் வந்தது. வேறொன்றும் இல்லை.

"இப்ப ரெண்டையும்."

திரை ஒருமுறை கறுத்துத் தெளிந்தது. மூலையில் நிற்க வேண்டிய பச்சைப் பட்டைகள் கிழிந்து, பெயர்கள் அழிந்து, நடுவில் வந்து மிதந்தன. எட்வின் ஹெட்போன் போட்டவர்களைப் பேசச் சொன்னார். ஒருவன் பேசினால் ஒரு கட்டம், இருவர் பேசினால் இரண்டு. எதிராளி எங்கே நிற்கிறான் என்பதற்கும் அவற்றுக்கும் தொடர்பே இல்லை. டிலக்சன் சுவரைப் பார்த்துத் திரும்பினான், வானத்தைப் பார்த்துத் திரும்பினான். கட்டங்கள் கண்ணாடியில் ஒட்டிய இலைபோல அதே இடத்தில் நின்றன. அவன் மவுசிலிருந்து கையை எடுத்தான்.

அப்போது எட்வின் எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார்: "இந்த மிஷின் சோம்புதா எண்டு பாக்க அந்த நம்பரை இண்டைக்குக் காலமை போட்டவன் நான். எடுக்க மறந்திட்டன். கள்ளன் நான்தான். பொலிசுக்குச் சொல்றதெண்டா என்ட பேரைச் சொல்லுங்க."

தன் கைக்குத் திருந்தாத மிஷின் இல்லை என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்தவர், கடை நிறைந்த பொடியன்களுக்கு முன்னால் இதைச் சொன்னார். பொலிஸ் பேச்சை எடுத்த குரல் பிறகு வரவில்லை. ஆட்டம் மறுபடி தொடங்கியது. பழுகாமம் தோற்றது. போகும்போது டிலக்சன் சுதனிடம் வந்து, "அடுத்த முறை என்ட பக்கம் விளையாடு" என்று மட்டும் சொன்னான்.

எல்லோரும் போனபிறகு எட்வினிடம் கேட்டேன்: "உங்களுக்கு எப்ப தெரியும்?"

"பச்சையைக் கண்டவுடன தெரியும்."

"அப்ப ஏன் உடனே சொல்லல்ல?"

"நான் சொன்னா, பொடியனைக் காப்பாத்தப் பொய் சொல்றன் எண்டுதான் நினைப்பானுகள். டிலக்சன் தன்ட கண்ணால காணணும். அவன் கண்டா எல்லாரும் கண்ட மாதிரி."

தன் பிழை என்று தெரிந்தும், அந்தப் பிழையைத் தானே அவிழ்க்காமல், குற்றம் சொன்னவன் கையாலேயே முடிச்சு முடிச்சாக அவிழ்க்க வைத்திருக்கிறார். வியர்வை ஓடிய அந்தக் கொஞ்ச நேரத்தில் இவ்வளவையும் ஒரு மனிதரால் எப்படி யோசிக்க முடிந்தது என்று இத்தனை வருடம் கழித்தும் எனக்கு விளங்கவில்லை.

எட்வினைக் கடைசியாகச் சுமந்தவர்களில் சுதனும் டிலக்சனும் இருந்தார்கள். ஒருவன் இங்கே வங்கியில் கணினிப் பிரிவில், மற்றவன் கொழும்பில். கொழும்பிலிருந்து டிலக்சன் இரவோடிரவாக வந்திருந்தான். வரமுடியாத சாண்ட்ராவுக்காகக் கல்லறையடியில் அவன் கைப்பேசியை உயர்த்திப் பிடித்துக்கொண்டு நின்றான். பறங்கிப் பெண்கள் தங்கள் பழைய போர்த்துக்கீசத்தில் பாடியபோது, கைப்பேசிக்குள்ளிருந்து அவளும் சேர்ந்து பாடியது எங்களுக்குக் கேட்டது.

அவருடைய வித்தை என்னிடம் இல்லை. மிஷின்களை எப்போதோ விட்டுவிட்டேன். ஏதாவது பிழையாகிப் போனால், குற்றம் சொல்ல அருகில் நிற்கும் ஆளின் முகத்தைத்தான் என் கண் முதலில் தேடுகிறது, இன்றைக்கும். ஆனால் வாயைத் திறப்பதற்கு முன் ஒரு கணம் நிற்கிறேன். எட்வினிடமிருந்து நான் வைத்திருப்பது அந்த ஒரு கணம்.