கேமராவுக்குப் பின்னால் ஜெயந்தி

ஜெயந்தி இறந்த செய்தி எனக்கு வீடியோவாகத்தான் வந்தது. ஏலப்பாறை இறக்கத்தில் கவிழ்ந்துகிடந்த ஜீப்பை யாரோ வீடியோ எடுத்து எங்கள் தேயிலைத் தோட்ட லயத்து வாட்ஸ்அப் குழுவில் போட்டிருந்தார்கள். 'பலமுறை பகிரப்பட்டது' என்று மேலே இருந்தது. சாலையில் கிடந்த அவளுடைய கேமராப் பையைப் பார்த்ததும் தெரிந்துவிட்டது. போன் அதற்குப் பிறகுதான் வந்தது.

இதைப் படிக்கும் உங்களில் பலர் வீட்டுத் துக்கத்தை என் மனைவி படம்பிடித்திருக்கிறாள். வர முடியாத பிள்ளைகள் அவள் அனுப்பிய லிங்கில்தான் அப்பாவையோ அம்மாவையோ கடைசியாகப் பார்த்தார்கள். இணைய இணைப்பு என் வேலை. யாருக்கெல்லாம் லிங்க் போக வேண்டும் என்று வீட்டாரிடம் கேட்பது அவள் வேலை.

ஒரு துக்க வீட்டில் உள்ளூர்த் தலைவர் ஒருவர் அவளிடம், "அந்த வீடியோவ எனக்கும் தட்டிவிடு பிள்ள" என்றார்.

"எந்த வீடியோ அண்ணாச்சி? எதுக்கு?"

"சும்மா, ஸ்டேட்டஸ் வைக்கத்தான். நான் மாலை போடுதது."

"அப்போ இறந்தவர வெட்டிட்டுத் தாரேன்."

"அவரு இல்லாம மாலை போட்டா எனக்கே போட்ட மாதிரில்லா இருக்கும்!"

"அதான் வேண்டாங்கேன்."

திரும்பி வரும்போது என்னிடம் சொன்னாள்: "கேக்குதவுகளுக்கே என்ன வேணும்னு தெரியாது. நாமதான் கேட்டுப் பாக்கணும்."

அவள் போன பிறகு எனக்கும் செய்திகள் வந்தன. 'அந்த வீடியோ இருக்கா?' எல்லோரும் ஜீப்பைத்தான் கேட்டார்கள். நான் பதில் போடவில்லை. துபாயிலிருந்து வர முடியாமல் போன அவள் தம்பி மாரியும், 'அத்தான், அக்கா வீடியோ அனுப்புங்க' என்று எழுதியபோது, இவனுமா என்று போனை அணைத்துவிட்டேன். மறுநாள் அவனே அழைத்தான்.

"எந்த வீடியோடா?" என்று கேட்டேன்.

"அக்கா வேலை செய்யுறத நான் பாத்ததே இல்ல அத்தான். எப்பப் பேசினாலும் அடுப்படிதான் தெரியும். வேலை பாக்குறது ஒண்ணு போதும்."

தேடினேன். எல்லாம் பிறர் வீட்டுப் பிணங்கள். அவள் எதிலும் இல்லை, குரல் மட்டும்தான் கேட்டது. பீர்மேட்டில் பொன்னம்மா அக்காவின் கணவர் இறந்த அன்று எடுத்ததில் நிறையப் பேசியிருந்தாள். சுற்றியிருந்த அழுகையைக் கணினியில் நீக்கிப் பார்த்தேன். அழுகை குறையக் குறைய அவள் குரலும் தேய்ந்தது. அப்படியே விட்டேன். அது அவர்கள் வீட்டுப் பதிவு என்பதால் பொன்னம்மா அக்காவிடமே கேட்கப் போனேன்.

"இதக் கேக்கவா இம்புட்டுத் தூரம் வந்தே?" என்றவர், நான் நீட்டிய போனைக் காதோடு வைத்துக் கேட்டார். "அவரு முகம் வேண்டாம் தம்பி. சத்தத்த மட்டும் எடுத்துக்கோ."

"நீங்க அழுததும் கேக்குதே அக்கா."

"கேக்கட்டும். அவளுக்கும் சேத்து அழுததா இருக்கட்டும்."

படத்தை நீக்கி, ஒலியை மட்டும் மாரிக்கு அனுப்பினேன். "முன்னால நிக்கவுக செத்த உக்காருங்க, பிள்ளைக பாக்கணும்லா" என்கிறாள் ஜெயந்தி. இன்று அவளுடையது என்று நான் வைத்திருப்பது இவ்வளவுதான்: அந்தக் குரல், அதன் பின்னால் பொன்னம்மா அக்காவின் அழுகை, எனக்கு இன்னும் வராதது.