பின்வாசலில் ஒரு ஜோடி பூட்ஸ்

ஜெயிலின் கடைசி அறையைத் தாண்டும்போது உள்ளிருந்து யாரோ கண்ணாடியைத் தட்டினார்கள்.

“மிஸ் வெர்டா! என் பூட்ஸ் அந்த வீட்டுப் பின்வாசல்லயே கெடக்கு. யாரையாவது எடுத்துட்டு வரச் சொல்லுங்களேன்.”

“பேசக் கூடாது. தள்ளி நில்லு,” என்றான் காவலன்.

வெர்டா ஸ்டல் நின்றுவிட்டாள். ஆரஞ்சு உடுப்பு, ரப்பர் செருப்பு, தாடி. தாடிக்குள் டோபின் ராஷ் இருந்தான். அவள் ஓட்டும் பள்ளிப் பேருந்தில் ஒரு காலத்தில் அவளுக்கு நேர் பின்னால் உட்கார்ந்து வந்தவன். அவளோடு வந்த மற்ற எட்டுப் பேரும் முன்னால் போய்விட்டிருந்தார்கள்.

வழக்குகளை வடிகட்டும் கிராண்ட் ஜூரியில் உட்காருகிற ஊர்க்காரர்கள் தங்கள் மாவட்டமான கவுண்டியின் ஜெயிலையும் ஒருமுறை சுற்றிப் பார்த்தாக வேண்டும். குழாயைத் திறந்து பார்ப்பார்கள். மெத்தையை அழுத்திப் பார்ப்பார்கள். கூரை ஒழுகினால் நீதிபதிக்கு எழுதுவார்கள். பிறகு தெருவைக் கடந்து நீதிமன்றத்தின் மாடிக்குத் திரும்புவார்கள்.

அன்று தெருவில் ஆற்றுப் பனி இறங்கியிருந்தது. மாடி ஜன்னலிலும் அதுவே நின்றது. அந்த அறைக்குப் பெயர்கள் மட்டும்தான் வரும். பெயருக்குரிய ஆள் வருவதில்லை, அவனுடைய வக்கீல் வருவதில்லை, நீதிபதியும் இல்லை. அரசு வக்கீல் ஒரு பெயரை வாசிப்பார். சாட்சி பேசுவான். வழக்கு மேலே போகலாமா என்று ஒன்பது பேரும் சொல்ல வேண்டும். வெர்டாவுக்கு ஒவ்வொரு பெயரும் விடியாத சாலையோரத்தில் பையோடு நிற்பதாகத் தோன்றும். பேருந்து விளக்கின் ஒளி விழும்வரை முகம் தெரியாது. அதற்குள் கை தூக்கச் சொல்லிவிடுவார்கள்.

“அடுத்தது, டோபின் ராஷ்,” என்றார் அரசு வக்கீல் கெர்ஷ்னர் அம்மாள். “இவரை யாருக்காவது தெரியுமா?”

“என் பஸ்ல வந்தவன்,” என்றாள் வெர்டா.

“இந்த கவுண்டில பாதிப் பேரு உன் பஸ்ல வந்தவங்கதான்,” என்றார் டெல்பர்ட். கிழங்கு போடுகிறவர், ஜூரியின் தலைவர். “என் மவனைப் பாதி வழியில எறக்கி விட்டவதானே நீ.”

“எச்சி துப்பினா எறக்கத்தான் செய்வேன்.”

சிரிப்பு அடங்கியதும் கெர்ஷ்னர் கேட்டார்: “நியாயமா முடிவு பண்ண முடியுமாம்மா?”

“முடியும்னுதான் நெனைக்கிறேன்.”

அவனைக் கைது செய்த ஷெரீப்பின் ஆள் சாட்சி சொன்னான். ஆற்றோர வீடு. கொலம்பஸ் நகரத்திலிருந்து வந்த தம்பதி வாங்கியது. காலையில் அவர்கள் மாடியில் இருக்கும்போது இவன் பின்கதவு வழியாக நுழைந்திருக்கிறான். சமையலறையில் இழுப்பறையைத் திறந்துகொண்டு நின்றான். உள்ளே வெள்ளிக் கரண்டிகள்.

“திருடும் நோக்கத்தோடு குடியிருக்கிற வீட்டுக்குள் நுழைவது,” என்றார் கெர்ஷ்னர். “உறுதியானால் சில வருஷம் சிறை. கேள்வி இருக்கா?”

யாரும் கேட்பதில்லை. மதியச் சாப்பாட்டுக்கு நேரமாகியிருந்தது.

அது டோபின் அம்மாவின் வீடு. அவள் செத்ததும் கைமாறியது. வெர்டா அதைச் சொல்லலாமா என்று யோசித்தாள். கண்ணாடிக்கு அப்பாலிருந்து அவன் சொன்னது அவளுக்கு மட்டும்தான் கேட்டது. சத்தியம் செய்து சொன்னதல்ல. இந்த அறைக்குள் அவன் பேச இடமே இல்லை. ஆனால் கேள்வி கேட்க அவளுக்கு இடம் இருந்தது.

“பிடிக்கும்போது கால்ல என்ன போட்டிருந்தான்?”

ஷெரீப்பின் ஆள் அவளைப் பார்த்தான். “சாக்ஸ்.”

“ஷூ?”

“பூட்ஸ். பின்வாசல் மிதியடி மேல இருந்துச்சு. ஜோடியா, சுவத்தைப் பாத்து. லேஸை உள்ள சொருகி வெச்சிருந்தான்.”

“மேசை மேல ஏதாவது?”

“ஒரு கிண்ணம். கார்ன்ஃப்ளேக்ஸ். பால் ஊத்தியிருந்துச்சு.”

“குடிச்சிருந்தானா?” என்றார் டெல்பர்ட்.

“இல்லீங்க. தூக்கத்துல நடந்து வந்தவன் மாதிரி நின்னான். பழைய கரண்டியெல்லாம் எங்கன்னு என்கிட்டயே கேட்டான்.”

கெர்ஷ்னரும் சாட்சியும் சுருக்கெழுத்துக்காரியும் வெளியே போனார்கள். கதவு சாத்தியதும் அறை தண்ணீருக்குள் இருப்பதுபோல ஆனது. வெர்டாவுக்கு அந்தப் பின்படி தெரிந்தது. தினமும் அவள் ஹாரன் அடிக்க, அதில் உட்கார்ந்து லேஸ் கட்டிக்கொண்டிருக்கும் பையன். ஷூவோடு உள்ளே வந்தால் அம்மா விளக்குமாற்றை எடுப்பாள். பையன் எழுந்து வருகிறான். வரவரத் தாடி முளைக்கிறது.

“ஏழு கை வேணும்,” என்றார் டெல்பர்ட். “வழக்குப் போகட்டும்ங்கிறவங்க தூக்குங்க.”

நாலு கைகள் உடனே எழுந்தன. ஐந்தாவது மெதுவாக. டெல்பர்ட்டின் கை ஆறாவது.

“கொலம்பஸ்காரங்களும் பயந்திருப்பாங்கல்ல வெர்டா,” என்றார்.

“பயந்திருப்பாங்க.”

அவள் கைகள் மடியில் கிடந்தன, இல்லாத ஸ்டியரிங்கைப் பிடித்தபடி. எல்லாரும் காத்திருந்தார்கள். ஜன்னலில் பனி சற்று நகர்ந்து மறுபடி நின்றது.

டெல்பர்ட் கையை இறக்கினார். “ஆறுதான். வழக்கு நிக்கலை. வாங்க, சாப்பிடப் போகலாம். கார்ன்ஃப்ளேக்ஸ்னு கேட்டதுலேர்ந்து வயிறு கூவுது.”

இங்கே நடந்ததை வெளியே சொல்லக் கூடாது என்பது எல்லாரும் செய்திருந்த சத்தியம்.

மறுநாள் வெர்டா வழக்கமான நேரத்தில் பேருந்தை எடுத்தாள். பனி இருந்தது. ஆற்றோர வீட்டில் இப்போது பள்ளிக்குப் போகும் பிள்ளைகள் இல்லை, அங்கே நிறுத்தவில்லை. பின்வாசல் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. மிதியடி காலியாக இருந்தது. கல்லறைத் தோட்டத்தைத் தாண்டி டோபின் ராஷ் சாலையோரமாக நடந்து போய்க்கொண்டிருந்தான். காலில் ஜெயிலின் ரப்பர் செருப்பு. பேருந்தைப் பார்த்துக் கையை உயர்த்தினான். பெரியவர்களை ஏற்றக் கூடாது. அவள் ஒருமுறை ஹாரன் அடித்துவிட்டுப் போனாள். பிள்ளைகளைப் பள்ளியில் இறக்கினாள், பேருந்தைக் கழுவினாள். சாயங்காலம் உருளைக்கிழங்கு உரிக்கும்போது புருஷன் ரஸல் கேட்டான், “ஜூரில என்னதான் பண்ணீங்க?”

“ஜெயிலைப் பாத்தோம். எட்டாம் அறைல கூரை ஒழுகுது.”

“அது ரொம்ப நாளாவே ஒழுகுதுன்னு சொல்றாங்க,” என்றான் ரஸல்.