என்னைச் சாகச் சொன்ன வீடு

குணச்சித்திர நடிகனின் முகம் நாலு பேருக்குத் தெரிந்தால்தான் அடுத்த வேஷம் வரும். படப்பிடிப்புக்கு வீடு பிடித்துக் கொடுப்பவனின் முகம் யாருக்கும் தெரியாமல் இருந்தால்தான் அடுத்த வீடு கிடைக்கும். கடலூரில் இரண்டையும் ஒரே முகத்தை வைத்துக்கொண்டு செய்கிறவன் நான். இரண்டு பிழைப்புக்கு நடுவில் தூக்கத்தைத் தொலைத்தவர்களே, உங்களிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வது?

தினமும் ராத்திரி ஓடுகிற டிவி தொடர் ஒன்றில் எனக்கு மருமகளுக்குப் பாலில் விஷம் வைக்கிற மாமனார் வேஷம். அதற்குப் பழைய கூடம் வைத்த வீடு வேண்டும். கிடைக்காவிட்டால் யூனிட்டே சென்னைக்குப் போய்விடும் என்று இயக்குநர் சொல்லிவிட்டார். போனால் என் வேஷத்தையும் அங்கேயே யாருக்காவது கொடுத்துவிடுவார்கள்.

அண்ணாமலை நகர்

ராத்திரி முழுக்க யூனிட் ஜெனரேட்டருக்குக் காவல் இருந்துவிட்டு, காலையில் முகம் கழுவிக்கொண்டு போனேன். கதவைத் திறந்த அம்மாள் என்னைப் பார்த்ததும் பின்னால் திரும்பி, உள்ளே யாரையோ கையைக் காட்டி நிறுத்தினார். வீடு கேட்டு வந்ததை விளக்கினேன். பொறுமையாகத்தான் கேட்டார். காபி கூட வந்தது, ஜன்னல் கம்பி வழியாக.

“தப்பா நெனைக்காதீங்க. எங்க மருமவ முழுவாம இருக்கா. வெளியிலயே குடிச்சிட்டுப் போயிடுங்க.”

லால்பேட்டை

அங்கே முகக்கவசம் போட்டுக்கொண்டு போனேன். வீட்டுக்காரர் தங்கமான மனிதர். கூடம், மாடி எல்லாம் காட்டினார். வாடகை பேச வாயைத் திறந்தேன். உள்ளே தட்டு ஒன்று விழுந்தது. என் குரல் இத்தனை வீடுகளுக்குள் போயிருக்கிறது என்று எனக்கு அன்றுதான் தெரியும். உள்ளே போய்ப் பேசிவிட்டு வந்தவர் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

“அண்ணே, உங்கள நான் நம்புறேன். உங்க குரல வீட்ல நம்ப மாட்டேங்கறாங்க.”

குமராட்சி

மினிபஸ்ஸை விட்டு இறங்கியதும் பழைய வீடு ஒன்று கண்ணில் பட்டது. தனியாக விவசாயம் பார்க்கும் ஓர் அக்கா. என்னைப் பார்த்தார்; கதவு இரண்டையும் அகலத் திறந்தார். எனக்கு அதுவே அதிர்ச்சி.

வீட்டுக்காரர்கள் வழக்கமாகக் கேட்பது ஒன்றுதான்: எங்கள் வீட்டில் சாவு சீன் எடுக்கக் கூடாது. அதனால் நானே முந்திக்கொண்டு, “சாவு சீன் கிடையாதுக்கா” என்றேன். அவர் தலையாட்டவில்லை.

“அத எடுக்கறதா இருந்தா வூட்டத் தரேன். நீ சாவணும். எங்க கூடத்துலயே சாவணும்.”

போனில்

இயக்குநர் சிரித்துவிட்டு வேறு வீடு பார்க்கச் சொல்வார் என்றுதான் போன் செய்தேன். என்னைவிட இருபது வயது சின்னவர், மாமா என்றுதான் கூப்பிடுவார். அக்காவின் நிபந்தனையைக் கேட்டவர் சிரிக்கவில்லை. கதையை இப்படியே திருப்பினால் ஜனங்கள் கொண்டாடுவார்கள் என்றார். அந்த வேஷம் இன்னும் இரண்டு வருஷம் ஓடும் என்று நம்பியிருந்தேன்.

“வீடு கெடச்சிடுச்சில்ல? அப்புறம் என்ன மாமா, செத்துடுங்க.”

கூடம்

மூக்கில் பஞ்சு, நெற்றியில் காசு, கழுத்தில் மாலை. ஊரே வந்து நின்றது. துணை நடிகைகளின் அழுகையை மீறிக் கூட்டத்தில் யாரோ கை தட்டினார்கள். ஷாட் முடிந்தது.

பிணமாக நடித்தவன் எழுந்திருக்கும் முன் கேமராவைப் பார்த்து ஒருமுறை சிரிக்க வேண்டும். கெட்டது ஒட்டாமல் போகும் என்பது எங்கள் தொழில் சம்பிரதாயம். “சிரிங்க மாமா” என்றார் இயக்குநர். எனக்கு வரவில்லை. எழுந்துவிட்டால் என் வேஷம் முடிந்தது. யூனிட் முழுக்கக் காத்திருந்தது. அந்த அக்காதான் கிட்டே வந்து குனிந்து, என் நெற்றிக் காசை எடுத்தார்.

“சிரி தம்பி. செத்தது அந்தப் பாவி. ஒனக்குக் கருவாட்டுக் கொழம்பு வச்சிருக்கேன், எழுந்து வா.”

அதற்குப் பிறகு எந்த ஊரில் கேட்டாலும் உட்காரவைத்து வீடு தருகிறார்கள். செத்தவனை நடிக்கக் கூப்பிடத்தான் யாருக்கும் தோன்றவில்லை.